ஸ்ட்ராவ்ஸ் ஏன் சான்சலர் ஆகவில்லை?

#1 இசார்க்கரையான்

மியூனிக் விமான நிலையத்துக்கு முழுப் பெயர் ஃபிரான்ஸ் யோசேஃப் ஸ்ட்ராவ்ஸ் விமான நிலையம். போன மாதம் ஊரிலிருந்து வந்த மாமாவைக் கூட்டிவரப் போயிருந்தேன். டிராலியைத் தள்ளிக்கொண்டே பலகையைப் படித்தவர், "யாருப்பா இது, பழைய சான்சலரா?" என்றார். (சான்சலர் என்றால் இங்கே பிரதமர் மாதிரி, அரசின் தலைவர்.) "இல்லை மாமா, ஆகப் பார்த்தார், முடியவில்லை" என்றேன். "ஆகாத ஆளுக்கா இவ்வளவு பெரிய ஏர்போர்ட்?" என்று கேட்டுவிட்டுக் காபி தேடிப் போய்விட்டார். எனக்குத்தான் அந்தக் கேள்வி தலைக்குள் சுற்றிக்கொண்டே இருக்கிறது. அதனால் இந்த இழை.

தெரியாதவர்களுக்குச் சுருக்கமாக. 1915 செப்டம்பர் 6 அன்று மியூனிக்கில் பிறந்தவர். அப்பா ஷெல்லிங் தெருவில் கறிக்கடை வைத்திருந்தார். பையன் படிப்பில் சூரப்புலி. லத்தீன், கிரேக்கம், வரலாறு படித்து வாத்தியாராகப் போயிருக்க வேண்டியவர், போர் வந்து ரஷ்ய முனைக்குப் போனார். 1945-இல் உள்ளே வந்த அமெரிக்கப் படை, ஆங்கிலம் பேசும் ஆள் கிடைத்தாரே என்று அவரை ஷோங்காவ் மாவட்டத்தின் துணை நிர்வாகியாக உட்கார வைத்தது. அங்கிருந்து ஏறுமுகம்தான். 1949-இல் மேற்கு ஜெர்மனியின் முதல் நாடாளுமன்றத்தில் உறுப்பினர். 1953-இல் அமைச்சர். 1955-இல் அணுசக்தித் துறை. 1956-இல் பாதுகாப்பு அமைச்சர், அப்போது வயது 41. 1961 முதல் சாகும்வரை சிஎஸ்யு என்ற வலதுசாரிக் கட்சியின் தலைவர்.

இந்த சிஎஸ்யு ஒரு விசித்திரமான ஏற்பாடு. மியூனிக்கைத் தலைநகராகக் கொண்ட பவேரியா மாநிலத்தில் மட்டும்தான் தேர்தலில் நிற்கும். அங்கே அண்ணன் கட்சியான சிடியு நிற்காது. நாடாளுமன்றத்தில் மட்டும் இரண்டும் ஒரே அணியாக உட்காரும். என் வாதம் இதுதான்: அவரைத் தோளில் தூக்கி வைத்துக்கொண்டதும் பவேரியா, தோளிலிருந்து இறங்க விடாமல் பிடித்துக்கொண்டதும் அதே பவேரியா. மறுப்பவர்கள் வரலாம்.

#2 கணக்குப்புள்ள

மறுக்கவில்லை, கணக்கு மட்டும் வைக்கிறேன்.

1976 தேர்தலில் சிடியு, சிஎஸ்யு சேர்ந்து 48.6 சதவீதம். சான்சலர் வேட்பாளர் ஹெல்முட் கோல். அப்படியும் தோல்வி, ஏனென்றால் எஃப்டிபி என்ற சின்னக் கட்சி, எதிரணியான எஸ்பிடி (சமூக ஜனநாயகக் கட்சி) பக்கம் இருந்தது. 1980-இல் வேட்பாளர் ஸ்ட்ராவ்ஸ். கிடைத்தது 44.5. நான்கு புள்ளிக்கு மேல் போச்சு.

பவேரியாவில் என்ன ஆனது என்று பாருங்கள்: 60.0-இலிருந்து 57.6. அங்கேயும் சரிவுதான், ஆனால் கம்மி. வடக்கேதான் அடி பலம். வட ஜெர்மனியில் ஒரு புராட்டஸ்டன்ட் சிடியு வாக்காளருக்கு இந்த ஆளின் உச்சரிப்பே ஒத்துக்கொள்ளாது என்று ஒருவர் சொன்னார். வாக்குக்கும் உச்சரிப்புக்கும் அட்டவணை போட எனக்குத் தெரியாது.

#3 பழையபேப்பர்

பவேரியா, உச்சரிப்பு எல்லாம் சரி. ஒரே ஒரு போன் காலை எல்லாரும் மறந்துவிட்டீர்கள்.

1962 அக்டோபர். ஷ்பீகல் வார இதழில் கான்ராட் ஆலர்ஸ் ஒரு கட்டுரை எழுதுகிறார். நேட்டோ நடத்திய ஃபாலெக்ஸ் 62 என்ற ஒத்திகையில் மேற்கு ஜெர்மன் ராணுவத்துக்கு மிக மட்டமான மதிப்பெண், சோவியத் தாக்கினால் தாக்குப்பிடிக்காது என்று. தலைப்பே "ஓரளவுக்குத்தான் தற்காப்புத் தயார்" என்கிற பொருளில் வரும். அது நேட்டோவின் மதிப்பீட்டு வகைகளில் கடைசிப்படி. பாதுகாப்பு அமைச்சருக்கு எப்படி இருந்திருக்கும்?

அக்டோபர் 26 இரவு ஹாம்பர்க்கில் ஷ்பீகல் அலுவலகத்துக்குள் போலீஸ் நுழைந்தது. அது கியூபா ஏவுகணை நெருக்கடி உச்சத்தில் இருந்த வாரம் என்பதையும் நினைவில் வையுங்கள், உலகமே நாளை இருக்குமா என்ற கவலை. இதழின் உரிமையாளர் ருடோல்ஃப் ஆக்ஸ்டைன் தானே வந்து சரணடைந்து 103 நாள் உள்ளே இருந்தார். ஆலர்ஸ் அப்போது ஸ்பெயினில், டோரமோலினோஸ் கடற்கரையில் மனைவியோடு விடுமுறையில் இருந்தார். அவரை ஸ்பெயின் சர்வாதிகாரி ஃபிராங்கோவின் போலீஸ் பிடித்தது.

ஸ்பெயின் போலீசுக்கு யார் சொன்னது? அங்கேதான் கதை. வெளிநாட்டில் ஒருவரைப் பிடிக்க நீதித்துறை, வெளியுறவுத்துறை என்று வழி இருக்கிறது. இங்கே நள்ளிரவு தாண்டி மாட்ரிட் தூதரகத்தின் ராணுவ அதிகாரிக்கு நேராகப் போன் போட்டவர் பாதுகாப்பு அமைச்சர். நீதி அமைச்சருக்கு எதுவுமே தெரியாது! அவர் அப்போது சிடியு, சிஎஸ்யுவோடு கூட்டணி ஆட்சியில் இருந்த எஃப்டிபி காரர், வேண்டுமென்றே அவரிடம் மறைத்தார்கள்.

அதற்குப் பிறகு ஸ்ட்ராவ்ஸ் செய்ததுதான் பெரிய தப்பு. எனக்கும் இதற்கும் சம்பந்தமே இல்லை, சொல்லின் முழு அர்த்தத்தில் சம்பந்தமில்லை என்று ஒரு பத்திரிகைக்குச் சொன்னார். நாடாளுமன்றத்தில் எதிர்க்கட்சி மூன்று நாள் துளைத்தெடுத்ததில் போன் விஷயம் கொஞ்சம் கொஞ்சமாக வெளியே வந்தது. உள்துறை அமைச்சர் ஹோஷர்ல், ஸ்பெயின் கைது "சட்டத்துக்குக் கொஞ்சம் வெளியே" நடந்தது என்று ஒப்புக்கொண்டார். கொஞ்சம்! சான்சலர் அடெனாவர் அதே சபையில் "தேசத்துரோகப் படுகுழி" என்று முழங்கினார். நவம்பர் 19-இல் எஃப்டிபி அமைச்சர்கள் ஐந்து பேரும் ராஜினாமா. ஸ்ட்ராவ்ஸ் பதவியை விட்டார். அடெனாவரும் அடுத்த வருடம் இறங்குவதாக ஒப்புக்கொள்ள வேண்டியதாயிற்று.

தேசத்துரோக வழக்கு என்ன ஆனது? 1965-இல் உச்ச நீதிமன்றம் ஆக்ஸ்டைன், ஆலர்ஸ் மீது விசாரணைக்கே ஆதாரம் போதாது என்று தள்ளிவிட்டது. ஆலர்ஸ் பிறகு அரசின் செய்தித் தொடர்பாளரே ஆனார், அது தனிக்கூத்து.

எனவே இசார்க்கரையான், அவரைத் தடுத்தது பவேரியா அல்ல. எஃப்டிபி இல்லாமல் அந்தக் காலத்தில் யாரும் ஆட்சி அமைப்பது கஷ்டம். அந்த எஃப்டிபியை ஓர் இரவில் ஜென்மப் பகையாக்கிக்கொண்டார்.

#4 நித்யா_கோவை

ஒரு சந்தேகம். நாடாளுமன்றத்தில் பொய் சொல்லி மாட்டியவர் எப்படி 26 வருடம் அதற்கப்புறமும் ஓட்டினார்? அதுவும் கட்சித் தலைவராகவே?

#5 இசார்க்கரையான்

நித்யா, இதற்குத்தான் பவேரியா என்றேன். எஃப்டிபி ராஜினாமா நவம்பர் 19. பவேரிய மாநிலத் தேர்தல் நவம்பர் 25. சரியாக ஆறு நாள் கழித்து, நாடே அவரைக் காறித் துப்பிக்கொண்டிருந்தபோது, சிஎஸ்யு 47.5 சதவீதம் வாங்கியது. முந்தைய தேர்தலைவிட அதிகம்!

என் அலுவலகத்தில் ஒரு பெரியவர் இருந்தார், போன வருடம் ஓய்வு பெற்றார். நீடர்பவேரியாவில் ஒரு கிராமம். அவர் சொன்னது: "ஹாம்பர்க் பத்திரிகைக்காரன் திட்டினான் என்றால் அப்பாவுக்கு அது நற்சான்று." வீட்டில் சிலுவைக்குப் பக்கத்தில் ஸ்ட்ராவ்ஸ் படம் இருந்ததாம். அவர் தம்பி பல்கலைக்கழகத்துக்குப் போய்விட்டு 1980-இல் "ஸ்ட்ராவ்ஸைத் தடுப்போம்" என்ற பட்டனைச் சட்டையில் குத்திக்கொண்டு வீட்டுக்கு வந்தார். கிறிஸ்துமஸ்வரை அப்பா அவரோடு பேசவில்லை.

#6 ஜெட்லேக்

விமான நிலையத்துக்குப் பெயர் வைத்ததில் நியாயம் இருக்கிறது என்பேன், அநியாயமும் இருக்கிறது.

நியாயம்: ஏர்பஸ். அந்த நிறுவனம் தொடங்கிய 1970 முதல் சாகும்வரை அதன் மேற்பார்வைக் குழுத் தலைவர் ஸ்ட்ராவ்ஸ்தான். அதன் முதல் விமானமான ஏ300 விற்காமல் தரையில் நின்ற வருடங்களில், போயிங்கோடு மோதி ஜெயிக்க முடியுமா என்று எல்லோரும் கைகழுவப் பார்த்தபோது பிடிவாதமாக நின்றார். பிரெஞ்சுக்காரர்களும் ஜெர்மானியர்களும் ஒரே விமானத்தைக் கட்டுவது என்பது போர் முடிந்து 25 வருடத்தில் சின்ன விஷயமா?

அநியாயம்: ஸ்டார்ஃபைட்டர். எஃப்-104 என்ற அமெரிக்கப் போர் விமானம். பாதுகாப்பு அமைச்சராக இருந்தபோது தேர்ந்தெடுத்தது. 916 விமானம் வாங்கியதில் 292 விழுந்தன, 116 விமானிகள் செத்தார்கள். "விதவை தயாரிப்பான்" என்று பெயரே வைத்துவிட்டார்கள்.

#7 பழையபேப்பர்

ஜெட்லேக் தம்பி, எண்ணிக்கை சரி. ஆனால் ஏன் விழுந்தது என்பதையும் சொல்ல வேண்டும், இல்லையென்றால் ஏதோ ஓட்டை விமானத்தை வாங்கித் தள்ளிவிட்டார் என்று ஆகிவிடும். அமெரிக்கர்கள் அதைத் தெளிந்த வானத்தில் உயரப் பறந்து எதிரி விமானத்தை மறிக்கச் செய்தார்கள். ஜெர்மானியர்கள் அதையே எல்லாப் பருவநிலையிலும் தாழப் பறந்து குண்டு போடவும், தேவைப்பட்டால் அமெரிக்க அணுகுண்டைச் சுமக்கவும் வேண்டும் என்று கேட்டு, கருவி மேல் கருவியாக ஏற்றினார்கள். அரிசோனா வெயிலில் பழகிய விமானிகள், ஊருக்கு வந்ததும் வட ஜெர்மனியின் மேகத்துக்குள் பறக்க வேண்டியிருந்தது. பராமரிக்கப் போதுமான ஆள் இல்லை. லுஃப்ட்வாஃபேயின் (ஜெர்மன் விமானப்படை) பழைய பெரும் வீரர் எரிக் ஹார்ட்மன், நம் ஆட்கள் இதற்குத் தயாரில்லை என்று எதிர்த்தார். கேட்கவில்லை.

ஸ்ட்ராவ்ஸுக்கு ஏன் அந்த அவசரம்? அணுகுண்டைச் சுமக்கும் விமானம் கையில் இருந்தால்தான் வாஷிங்டனில் நம் பேச்சு எடுபடும் என்ற கணக்கு. அந்த விமானத்தைத் தயாரித்த லாக்ஹீட் நிறுவனத்திடம் பணம் வாங்கினார் என்று பிறகு கிளம்பிய குற்றச்சாட்டு நிரூபணமாகவில்லை. அதைச் சேர்க்காமலே இந்தப் பட்டியல் கனமானதுதான்.

#8 வன்னியூரான்

வணக்கம். இவ்வளவு நாளும் வாசிச்சுக்கொண்டு மட்டும் இருந்தேன். இந்த மனிசனைப் பற்றி எழுதாமல் இருக்க ஏலாது.

நான் 1985 தொடக்கத்தில் ஜேர்மனிக்கு வந்த பெடியன், 19 வயது. கொழும்பிலிருந்து மொஸ்கோ, அங்கிருந்து கிழக்கு பெர்லின் ஷோனஃபெல்ட். பிறகு ஃபிரிட்ரிக் தெரு ஸ்டேஷனில் ரயில் ஏறினால் மேற்கு பெர்லின். கிழக்குப் பக்கத்துக் காவலன் கடவுச்சீட்டைப் பார்த்துவிட்டுப் போ என்று கையைக் காட்டினான். மேற்குப் பக்கத்தில் சோதனையே இல்லை, ஏனென்றால் அந்த எல்லையை எல்லை என்று மேற்கு ஏற்றுக்கொள்ளவில்லை. அந்த ஓட்டைக்குள்ளால்தான் எங்களில் கனபேர் வந்தோம். அந்த வருசக் கோடையில் இலங்கையருக்கு அந்த வழியை அடைத்துவிட்டார்கள்.

முகாமில் இருந்தபோது, ஜேர்மன் கொஞ்சம் பிடிபட்ட ஒரு அண்ணை பேப்பரை வாசித்துச் சொன்னார். பவேரியா முதலமைச்சர் ஒரு கூட்டத்தில் கதைத்திருக்கிறார்: தமிழர் ஆயிரக்கணக்கில் வந்து குவிகிறார்கள், நியூ கலிடோனியாவில் பிரச்சினை முத்தினால் இனிக் கனாக்கர்களும் வந்துவிடுவார்கள் என்று. கனாக் என்பது அந்தத் தீவுச் சனத்தின் பெயர். ஜேர்மன் தெருவில் அதே சொல் வெளிநாட்டுக்காரனைத் திட்டுகிற சொல். கூட்டத்தில் சிரித்திருப்பார்கள். நாங்கள் சிரிக்கவில்லை. எங்கள் இனத்தின் பெயரை ஒரு பெரிய ஜேர்மன் அரசியல்வாதியின் வாயில் நான் முதன்முதல் கேட்டது அப்பிடித்தான்.

இப்ப அந்த ஆளின் பெயர் வைத்த விமான நிலையத்தாலதான் ஒவ்வொரு முறையும் ஊருக்குப் போய் வாறேன்.

#9 நித்யா_கோவை

வன்னியூரான் அண்ணா, இதை எழுதியதற்கு நன்றி. வேறென்ன சொல்வதென்று தெரியவில்லை.

#10 இசார்க்கரையான்

அண்ணா சொன்னது அவருடைய பேச்சுப் பாணிக்கு நல்ல உதாரணம். சிஎஸ்யுவுக்கு வலதுபுறம் சட்டபூர்வமான ஜனநாயகக் கட்சி எதுவும் முளைக்கக் கூடாது என்பது அவர் கொள்கை. அதாவது அந்தப் பக்கம் நிற்கிற ஆட்களையும் நானே என் கொட்டகைக்குள் வைத்துக்கொள்வேன். வைத்துக்கொள்ள அவர்களுக்குப் பிடித்த மாதிரிப் பேச வேண்டும். சர்வாதிகாரி பிணோசேயின் சிலி நாட்டுக்குப் போய்ப் பாராட்டிவிட்டு வந்தவர், தென்னாப்பிரிக்க நிறவெறி அரசுக்குப் பரிந்து பேசியவர். இதற்கெல்லாம் கொட்டகைக் கணக்கு மட்டும் காரணமா, அவரே அப்படித்தானா என்று கேட்டால், இரண்டும் என்பேன்.

பழையபேப்பர் ஐயாவின் எஃப்டிபி வாதத்துக்கு வருகிறேன். ஸ்ட்ராவ்ஸுக்கே அது தெரியும். அதனால்தான் 1976 நவம்பர் 19-இல் க்ரொய்ட் என்ற மலையூரில் சிஎஸ்யு உறுப்பினர்களைக் கூட்டி, சிடியுவோடு இருந்த நாடாளுமன்றக் கூட்டணியை முறித்தார். எஃப்டிபி நமக்கு வேண்டாம், நாம் நாடு முழுக்கத் தனிக் கட்சியாக நிற்போம், சிடியு நடுவில் இருப்பவர்களைப் பிடிக்கட்டும், நாம் வலதில் இருப்பவர்களைப் பிடிப்போம், கூட்டினால் பெரும்பான்மை வரும் என்பது திட்டம். கோல் என்ன செய்தார் தெரியுமா? நீங்கள் வடக்கே வந்தால் நாங்கள் பவேரியாவில் சிடியுவைத் தொடங்குவோம் என்றார். அவ்வளவுதான். தங்கள் வீட்டுக்குள்ளேயே பாகப்பிரிவினை வரும் என்றதும் சிஎஸ்யு ஆட்களுக்கே வேர்த்துவிட்டது. டிசம்பர் 12-இல் முடிவு வாபஸ். என் வாதத்துக்கு இதைவிடச் சாட்சி வேண்டுமா?

இடையில் ஒரு கூத்து. நவம்பர் 24 அன்று மியூனிக்கில் வீனர்வால்ட் நிறுவனத்தின் தலைமையகத்தில் கட்சி இளைஞர்களோடு ஒரு மூடிய கூட்டம். வீனர்வால்ட் என்றால் பொரித்த கோழிக்குப் பேர்போன உணவகத் தொடர். அங்கே ஸ்ட்ராவ்ஸ் மனம் திறந்தார்: கோல் ஒன்றுக்கும் உதவாதவர், குணம் இல்லை, அறிவு இல்லை, அரசியல் தகுதி இல்லை, சான்சலராக ஆகவே மாட்டார், 90 வயதில் "40 வருடம் நான் சான்சலர் வேட்பாளர்" என்று நினைவுக் குறிப்பு எழுதுவார். பேச்சு வெளியே கசிந்தது. வெளியிட்டது யார்? அதே ஷ்பீகல்.

#11 பழையபேப்பர்

அந்தக் கோல் 16 வருடம் சான்சலராக இருந்தார்.

#12 கணக்குப்புள்ள

1979 ஜூலையில் வேட்பாளரைத் தேர்ந்தெடுக்க நாடாளுமன்ற அணியில் வாக்கெடுப்பு. ஸ்ட்ராவ்ஸ் 135, சிடியுவின் எர்ன்ஸ்ட் ஆல்பிரெக்ட் 102. கோல் ஒதுங்கிக்கொண்டு ஆல்பிரெக்ட்டை முன்னால் தள்ளியிருந்தார். ஸ்ட்ராவ்ஸ் ஒருமுறை நின்று தோற்றால் அப்புறம் தொல்லை இருக்காது என்று கோல் உள்ளூரக் கணக்குப் போட்டதாகச் சொல்பவர்கள் உண்டு. நடந்தது அப்படித்தான். 1982-இல் எஃப்டிபி பக்கம் மாறியபோது நாற்காலியில் உட்கார்ந்தவர் கோல். ஸ்ட்ராவ்ஸ் 1978-இலேயே பவேரிய முதலமைச்சராகிவிட்டார், மியூனிக்கிலிருந்து குறை சொல்லிக்கொண்டிருந்தார்.

#13 ஜெட்லேக்

1983 கடன் விஷயத்தை யாராவது எழுதுங்கள். அது எனக்குப் புரிந்ததே இல்லை. கம்யூனிஸ்ட் எதிர்ப்பே தொழிலாக இருந்தவர் கிழக்கு ஜெர்மனிக்கு ஏன் பணம் வாங்கிக் கொடுத்தார்?

#14 பழையபேப்பர்

கொடுத்தது வங்கிகள், உத்தரவாதம் மேற்கு ஜெர்மன் அரசு, தரகு ஸ்ட்ராவ்ஸ். நூறு கோடி மார்க். மறுவருடம் இன்னொரு 95 கோடி. கிழக்குத் தரப்பில் பேசியவர் ஷால்க்-கோலோட்கோவ்ஸ்கி, அந்நியச் செலாவணி வேட்டைக்கென்றே வைத்திருந்த ஆள். சந்திப்புகள் ரோசன்ஹைம் அருகே மார்ஸ் என்ற இறைச்சி வியாபாரியின் பண்ணை வீட்டில். கறிக்கடைக்காரர் மகனுக்குப் பொருத்தமான இடம்தான்.

கிழக்கு ஜெர்மனி அப்போது வெளிநாட்டுக் கடனில் மூழ்கும் நிலை. ஒப்பந்தத்தில் எழுதாத பதிலுபகாரமாக, எல்லை வேலியில் இருந்த, தப்பி ஓடுபவரைத் தானாகவே சுடும் கருவிகளை அடுத்த ஆண்டுக்குள் கழற்றினார்கள், குடும்பங்கள் சேர்வதற்கும் கொஞ்சம் வழி விட்டார்கள். திவாலாக வேண்டிய அரசுக்கு ஆயுசைக் கூட்டினார் என்று ஒரு தரப்பு. மேற்கின் பணத்தில் தொங்க வைத்துக் கழுத்தைக் கையில் பிடித்தார் என்று இன்னொரு தரப்பு. நான் முதல் தரப்பு, ஆனால் வேலியில் சாகாமல் தப்பியவரிடம் போய் அதைச் சொல்ல மாட்டேன்.

சொந்தக் கட்சியில் பயங்கரக் கோபம். அந்த ஜூலை மாநாட்டில் தலைவர் தேர்தலில் கிடைத்தது 77 சதவீதம்தான், அவருக்கு அது அவமானம். இரண்டு எம்பிக்கள் வெளியேறி, ஷோன்ஹூபர் என்ற தொலைக்காட்சிக்காரரோடு சேர்ந்து நவம்பரில் ரிபப்ளிக்கானர் கட்சியைத் தொடங்கினார்கள். சிஎஸ்யுவுக்கு வலதுபுறம்! கொட்டகைக் கம்பத்தை அவரே பிடுங்கிக் கொடுத்தார்.

#15 வன்னியூரான்

ஒன்று மட்டும் சேர்க்கிறேன். நாங்கள் வந்த வழியும் அதே கிழக்கு ஜேர்மனியின் காசுப் பசியால் திறந்ததுதான். டிக்கெட்டை அவர்களின் விமானத்துக்கு மேற்குக் காசில் வாங்கினால் போதும், வேறு கேள்வி இல்லை. மனிசன் அவர்களுக்குக் கடனை எடுத்துக் கொடுத்தார், எங்களைக் கண்டுதான் கத்தினார்.

#16 நித்யா_கோவை

கடைசியில் கோலும் அவரும் சமாதானம் ஆனார்களா?

#17 இசார்க்கரையான்

ஆனார்கள் என்றும் சொல்லலாம், ஆகவில்லை என்றும் சொல்லலாம். இரண்டு பேரும் மலைப்பக்கம் சேர்ந்து நடக்கப் போவார்கள், படம் எடுக்க நிற்பார்கள். வந்ததும் ஸ்ட்ராவ்ஸ் நீளமான புகார்க் கடிதம் எழுதுவார். அவர் ஆசைப்பட்ட வெளியுறவுத் துறை எஃப்டிபியின் கென்ஷரிடமே இருந்தது. (ஐயா, இதை உங்கள் பக்கம் ஒரு மதிப்பெண்ணாக வைத்துக்கொள்ளுங்கள்.)

1987 டிசம்பர் கடைசியில், 72 வயதில், கொட்டும் பனியில் சின்ன ஜெட் விமானத்தைத் தானே ஓட்டிக்கொண்டு மாஸ்கோவில் இறங்கி கோர்பச்சேவைப் பார்த்தார். கூட உட்கார்ந்து வந்தவர்கள் சிஎஸ்யுவின் அடுத்த தலைமுறை முழுக்க. இறங்கியதும் அவர்கள் முகம் எப்படி இருந்திருக்கும் என்று அடிக்கடி நினைப்பேன்.

1988 அக்டோபர் 1 அன்று ரேகன்ஸ்பர்க் அருகே டூர்ன் உண்ட் டாக்சிஸ் இளவரசரின் வேட்டைக்குப் போன இடத்தில் மயங்கி விழுந்தார். 3-ஆம் தேதி இறந்தார். மனைவி மரியன்னே நான்கு வருடம் முன்பே கார் விபத்தில் போய்விட்டார். இருவருக்கும் கல்லறை ரோட் அம் இன் என்ற ஊரில், மனைவியின் ஊர் அது.

ஒரு அக்டோபர் 3-இல் சைக்கிளில் அங்கே போயிருக்கிறேன். வழியில் பேக்கரிகூடத் திறக்கவில்லை. கல்லறைக்கு முன்னால் நாடா கட்டிய இரண்டு மலர்வளையம், ஈரச் சரளைக்கல், குடையோடு ஒரு வயதான தம்பதி. கடைகள் மூடியிருந்தது அவருக்காக அல்ல. அவர் இறந்து சரியாக இரண்டு வருடம் கழித்து, 1990-இல், அதே தேதியில்தான் இரண்டு ஜெர்மனியும் ஒன்றாயின. அன்றைக்குச் சான்சலர் கோல்.